‘செகண்டரி டேட்டா’: இரண்டாம் நிலைத் தரவா, முன்திரட்டுத் தரவா?

கலைச்சொல் குழுவினருக்கு வணக்கம். வேறொரு நோக்கத்துக்காக முன்பே திரட்டிய தரவை நம் ஆய்வுக்கு எடுத்தாளும்போது, அதை ஆங்கிலத்தில் ‘செகண்டரி டேட்டா’ என்பர். நம் சொற்பட்டியலில் அதற்கு எந்தச் சொல்லை இடுவது?

பாடநூல்களில் ‘இரண்டாம் நிலைத் தரவு’ என்றே இருக்கிறது. தரத்தில் இரண்டாவது என்ற எண்ணம் மாணவரிடம் படிவதற்கு இந்தச் சொல்லே காரணம். மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் பரப்பைத் தனி ஆய்வாளர் எவர் எட்டுவார்? பிரெஞ்சுச் சமூகவியலாளர் எமில் துர்கைம் 1897இல் தற்கொலை பற்றிய தம் ஆய்வை வெளியிட்டபோது ஐரோப்பிய நாடுகளின் அரசுப் புள்ளிவிவரங்கள்தாம் கைகொடுத்தன. நேரில் திரட்டப் போயிருந்தால் அந்த ஒப்பீடே நடந்திராது.

இத்தகைய தரவின் குறையும் அங்கேயே இருக்கிறது. எந்தச் சாவைத் தற்கொலை எனப் பதிவது என்று முடிவு செய்தவர்கள் அந்தந்த இடத்து அதிகாரிகள். தற்கொலையைப் பெரும் இழுக்காகக் கருதும் சமூகங்களில் வேறு காரணம் எழுதப்பட வாய்ப்பு அதிகம். நாடுகளின் தற்கொலை வீத வேறுபாட்டில் உண்மையில் நடந்தது எவ்வளவு, பதிவுப் பழக்கம் எவ்வளவு என்று பிரிப்பது கடினம்.

நிறையும் குறையும் ஒரே இடத்திலிருந்து பிறக்கின்றன: நம் கேள்வி எழுவதற்கு முன்பே தரவு உருவாகிவிட்டது. ஆகவே ‘முன்திரட்டுத் தரவு’ என்று முன்மொழிகிறேன். எதிர்ச்சொல் ‘நேர்திரட்டுத் தரவு’.

---

> முன்திரட்டுத் தரவு என்று முன்மொழிகிறேன்

ஐயா, ‘பிறர் திரட்டிய தரவு’ என்றால் உடனே புரியுமே? இல்லையேல் முதல்நூல், வழிநூல் என்ற மரபை ஒட்டி ‘வழித்தரவு’ எனலாம். சுருக்கமாகவும் இருக்கிறது.

---

அம்மா, ‘பிறர்’ பொருந்தாது. தாமே முன்பு நடத்திய கணக்கெடுப்பை வேறொரு கேள்விக்காக மீண்டும் பகுத்தாலும் அது இந்த வகைதான்.

‘வழித்தரவு’ அருமையான சொல். அதை இன்னும் பொருத்தமான இடத்துக்கு வைத்துக்கொள்வோம். தனியாள் பதிவுகள் அப்படியே கிடைத்தால் அது முன்திரட்டு; கூட்டிச் சுருக்கிய அட்டவணையோ வீதமோ மட்டும் கிடைத்தால் அது வழித்தரவு. இந்த வேறுபாடு தெரியாமல் பல முடிவுகள் சறுக்குகின்றன. அமெரிக்கச் சமூகவியலாளர் ராபின்சன் 1950இல் காட்டியதைப் பாருங்கள். அமெரிக்காவின் 1930 கணக்கெடுப்பில், வட்டார அளவில் பார்த்தால் வெளிநாட்டில் பிறந்தோர் மிகுந்த இடங்களில் எழுத்தறிவின்மை குறைவு. ஒட்டுறவுக் கெழு (இரண்டும் சேர்ந்து மாறும் போக்கை −1 முதல் +1 வரை காட்டும் எண்) ஏறத்தாழ −0.62. தனியாள் அளவில் அதுவே +0.12; அதாவது வெளிநாட்டில் பிறந்தோரிடம் எழுத்தறிவின்மை சற்று அதிகம். குறியே மாறிவிட்டது! எழுத்தறிவு மிகுந்த வட்டாரங்களில் அவர்கள் குடியேறியிருந்தார்கள் என்பதே காரணம்.

தனியாள் பதிவு கிடைத்தாலும் உடனே கணக்கில் இறங்கக் கூடாது. வினாத்தாள், களப்பணியாளர் கையேடு, குறியீட்டு விளக்கம் மூன்றையும் முதலில் படிக்க வேண்டும். குழந்தைகள் எண்ணிக்கைக்கு விடையளிக்காதவரை 99 எனக் குறித்திருப்பார்கள். 1000 பேரில் 20 பேருக்கு 99, மற்றவர்க்குச் சராசரி 2 என்றால், நீக்காமல் போட்ட சராசரி 3.94 வரும். அடுத்து, மாதிரியில் உள்ள ஒவ்வொருவரும் மக்கள்தொகையில் எத்தனை பேருக்கு ஈடு என்று காட்டும் நிறையிடல் எண்களைச் சேர்த்து, வெளியான அறிக்கையின் ஏதாவது ஒரு மொத்தத்தை நாமே வரவழைத்துப் பார்க்க வேண்டும். அது பொருந்தும்வரை மேலே போகாதீர்கள்.

ஆண்டுகளை ஒப்பிடுவோர்க்கு இன்னொன்று. பன்னாட்டுத் தொழிலாளர் புள்ளியியலாளர் மாநாடு 2013இல் ‘வேலைவாய்ப்பு’ என்பதன் வரையறையை மாற்றியது. முக்கியமாகத் தன் வீட்டு நுகர்வுக்காகவே பயிரிடுவோர் அந்த வரையறைப்படி வேலையில் உள்ளோர் கணக்கில் வருவதில்லை. பழைய வரிசையோடு புதியதை ஒட்டினால், யாரும் வேலை இழக்காமலே வேலைவாய்ப்பு சரிந்ததாகத் தெரியும்.

சொற்பட்டியலில் முன்திரட்டுத் தரவு, வழித்தரவு இரண்டையும் தனிப் பதிவுகளாக இடலாம். ‘இரண்டாம் நிலைத் தரவு’ என்று தேடுவோர்க்கு ‘முன்திரட்டுத் தரவு காண்க’ என்ற குறிப்பும் இருக்கட்டும். மாற்றுக் கருத்து இருந்தால் எழுதுங்கள்.