ழான் லூயி திரந்தினியானின் படங்களில் எதிலிருந்து தொடங்கலாம்?

கேள்வி:
ஹனெகே இயக்கிய ‘அமூர்’ (2012) படத்தைப் பார்த்ததிலிருந்து பிரெஞ்சு நடிகர் திரந்தினியானின் முகம் மனத்தை விட்டு அகலவில்லை. காலையுணவு வேளையில் மனைவி திடீரென்று நினைவு தப்பியவள்போல் உறைந்துவிடுகிறாள். ஈரத்துணியால் அவள் முகத்தைத் துடைத்துவிட்டு, குழாயை மூடாமலே அடுத்த அறைக்குப் போய் அவர் உடை மாற்றும்போது, தண்ணீர் விழும் ஓசை சட்டென்று நின்றுபோகிறது. அக்கணத்தில் அவர் காதுகொடுத்துக் கேட்கும் விதம் ஒன்றே என்னைக் கலங்கடித்தது. 1956இல் நடிகை பிரிஷித் பர்தோவுடன் நடித்த இளைஞரும் இவரே என்கிறார்கள். இடைப்பட்ட காலத்தில் இந்த நடிப்பு எப்படி வளர்ந்தது என்பதை அறிய எவற்றைப் பார்க்க வேண்டும்?

மறுமொழி 1:
சட்டம் சார்ந்த மூன்று வேடங்களை வரிசையாகப் பாருங்கள். டினோ ரிஸி இயக்கிய இத்தாலியப் படமான ‘இல் சொர்ப்பாஸ்ஸோ’வில் (1962) கூச்சம் மிகுந்த சட்டக்கல்லூரி மாணவர், கோஸ்தா காவ்ராஸின் ‘ஸெட்’ படத்தில் (1969) விசாரணை நீதிபதி, கீஸ்லோவ்ஸ்கியின் ‘மூன்று வண்ணங்கள்: சிவப்பு’ படத்தில் (1994) அண்டை வீட்டாரின் தொலைபேசி உரையாடல்களை ஒட்டுக்கேட்கும் ஓய்வுபெற்ற நீதிபதி. நாடகத்தின் மீது கொண்ட ஈர்ப்பால் சட்டப் படிப்பைக் கைவிட்டவர் அவர் என்பதையும் இங்கே நினைத்துக்கொள்ளலாம். ‘ஸெட்’ படத்தின் இறுதியில் உயர் அதிகாரிகள் ஒவ்வொருவராக வந்து அமரும்போது, பெயரையும் தொழிலையும் ஒரே சீரான குரலில் கேட்கிறார். குரலை ஒருமுறைகூட உயர்த்தாத அந்த நடிப்புக்குத்தான் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது.

மறுமொழி 2:
மேற்சொன்ன தேர்வு நன்று. ஆனால் எரிக் ரோமரின் ‘மோதுடன் என் இரவு’ (1969; மோது என்பது ஒரு பெண்ணின் பெயர்) இல்லாமல் அது முழுமை பெறாது. பனி பொழியும் கிளெர்மோன் ஃபெரான் நகரில், தத்துவ அறிஞர் பாஸ்கலைப் பற்றியும் இறைநம்பிக்கையைப் பற்றியும் ஓர் இரவு முழுதும் நீளும் உரையாடலில், தன் கொள்கையில் உறுதியாக இருப்பதாக நம்பும் ஒருவர் சிறிது சிறிதாகத் தடுமாறுவதை, எதிரே இருப்பவர் பேசும்போதுதான் நாம் அவர் முகத்தில் காண்கிறோம். இதற்கு முந்தைய ஆண்டு வெளியான ‘பெரும் மௌனம்’ என்னும் இத்தாலிய வெஸ்டர்ன் படத்தில் அவர் வாய் பேச இயலாதவராக வருகிறார். பேச்சையே பறித்துவிட்ட பிறகும் எஞ்சி நின்ற நடிகர் அவர். 1966இல் உலகப் புகழ் தேடித்தந்த ‘ஓர் ஆணும் ஒரு பெண்ணும்’ படத்தைப் பிறகு பார்த்தாலும் தவறில்லை. அதில் இசைதான் முந்திக்கொள்கிறது என்பது என் கருத்து.

கேள்வி கேட்டவர்:
இருவருக்கும் நன்றி. ‘அமூர்’ படத்துக்கு முன் அவர் திரையை விட்டு விலகியிருந்தாரா?

மறுமொழி 1:
ஆம். 2003இல் மகள் மரி இறந்தபின் பல ஆண்டுகள் திரைப்படங்களைத் தவிர்த்து, மேடையில் கவிதை வாசிப்பதிலேயே ஈடுபட்டிருந்தார். மகளுடன் சேர்ந்து அப்பொலினேரின் கவிதைகளையும் வாசித்தவர் அவர். ‘அமூர்’ கதைநாயகனை ஹனெகே அவருக்காகவே எழுதினார்; அப்படத்துக்காக, எண்பது வயதைக் கடந்தபின், பிரெஞ்சுத் திரையுலகின் செஸார் விருதை முதன்முறையாகப் பெற்றார். அடுத்ததாக ‘சிவப்பு’ படத்தைப் பாருங்கள். அடிபட்ட அவருடைய நாயைக் கொண்டுவந்து நிற்கும் இளம்பெண்ணை அவர் ஏறெடுத்துப் பார்க்கும் முதல் பார்வையிலேயே, நீங்கள் ‘அமூர்’ படத்தில் கண்ட முதியவர் இருக்கிறார்.