பச்சைக் குழந்தைக்கு செப்சிஸ்: மலையில் இருப்பவர்கள் பார்த்ததை எழுதுங்கள்

கேத்தி அம்மா

என் மகளுக்கு செப்சிஸ், அதாவது கிருமித் தொற்றால் உடம்பே நிலைகுலைவது, வந்து ஒன்றரை வருஷம் ஆகிவிட்டது. அந்த ஒரு சாயங்காலம் மட்டும் மனசை விட்டுப் போகவில்லை, அதனால்தான் ஆரம்பிக்கிறேன்.

இரண்டாவது மகள். சுகப்பிரசவம், 2.6 கிலோ, மூன்றாம் நாள் வீட்டுக்கு வந்துவிட்டோம். ஜனவரி, உறைபனி விழுகிற நேரம். ஐந்தாம் நாள் காலையிலிருந்து அவள் அழவே இல்லை. "மூத்தது மாதிரி இல்ல, இது பொறுமைசாலி" என்று பார்க்க வந்தவர்களிடமெல்லாம் மாமியார் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்கும் பெருமைதான். எழுப்பி மார்பில் வைத்தால் நாலு இழுப்பு இழுத்துவிட்டுத் தூங்கிவிடுவாள். மத்தியானத்துக்குள் எனக்குப் பால் கட்டிக்கொண்டு வலி உயிர் போனது. அதை என் உடம்புக் கோளாறு என்று நினைத்துச் சுடுதண்ணீர் ஒத்தடம் கொடுத்துக்கொண்டிருந்தேன். அவள் குடிக்காததால்தான் கட்டுகிறது என்று தோன்றவே இல்லை.

பாதம் சில்லென்று இருந்தது. ஜனவரியில் கேத்தியில் யார் பாதம் சில்லென்று இல்லை? ஸ்வெட்டர், குல்லா, இரண்டு சாக்ஸ், அதற்கு மேல் கம்பளி. சாயங்காலம் துணி மாற்றும்போது வயிற்றில் கை வைத்தேன். அத்தனை துணிக்கு உள்ளே வயிறும் சில்லென்று இருந்தது. தூக்கினால் துணி மாதிரித் தொங்கினாள்.

ஆஸ்பத்திரியில் கல்ச்சருக்கு, அதாவது கிருமி வளர்கிறதா என்று பார்க்க, ரத்தம் எடுத்துவிட்டு, ரிப்போர்ட்டுக்குக் காத்திராமல் அப்போதே ஆம்பிசிலின், ஜென்டாமைசின் என்ற ஆன்டிபயாடிக் ஊசிகளை ஆரம்பித்தார்கள். ரத்தத்தில் சர்க்கரை 32தான், ரொம்பக் குறைவு. "காய்ச்சலே இல்லையே, எப்படி டாக்டர் இன்ஃபெக்‌ஷன்?" என்று என் கணவர் கேட்டார். "காய்ச்சல் வரவும் உடம்புல தெம்பு வேணுங்க. பிறந்த குழந்தை பல நேரம் சூடாகாது, குளிர்ந்து போயிடும்" என்றார்.

பத்து நாள் ஊசி. இப்போது ஓடுகிறாள், வாய் ஓயாது. நான்தான் இன்னும் ராத்திரியில் அவள் சட்டைக்குள் கை விட்டு வயிற்றைத் தொட்டுப் பார்க்கிறேன். வேறு யாருக்காவது இப்படி நடந்திருக்கிறதா?

மன்னவனூர்க்காரன்

எனக்கு. பையன், 18 நாள். முதலில் காட்டிய இடத்தில் இன்ஃபெக்‌ஷனைக் காட்டும் சி.ஆர்.பி. என்ற ரத்த டெஸ்ட் பார்த்துவிட்டு நார்மல் என்று அனுப்பிவிட்டார்கள். இன்ஃபெக்‌ஷன் தொடங்கிச் சில மணி நேரம் கழித்துத்தான் அந்த அளவு ஏறும் என்பது பிறகுதான் தெரிந்தது. நாங்கள் பேப்பரைப் பார்த்து நிம்மதியாக ஊருக்குத் திரும்பிவிட்டோம். மறுநாள் மூச்சு விடும்போது முனகினான். ஒவ்வொரு மூச்சுக்கும் ஒரு சின்ன முனகல், பூனைக்குட்டி மாதிரி.

மே மாத ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். கொடைக்கானல் ஆட்களுக்கு இதற்கு மேல் சொல்ல வேண்டியதில்லை. டூரிஸ்ட் வண்டி அத்தனையும் ஒரே நேரத்தில் இறங்குகிறது. பெருமாள்மலை தாண்டவே எவ்வளவு நேரம் ஆனது என்று கணக்கில்லை. டம்டம் பாறைப் பக்கம் வண்டி அப்படியே நின்றபோது நான் இறங்கி ஓடி ஒவ்வொரு காரின் கண்ணாடியையும் தட்டினேன். காட்ரோடு வந்து பெரியகுளம் பக்கம் திரும்பியபோதுதான் எனக்கே மூச்சு வந்தது.

ஆனால் நான் எழுத வந்தது அது இல்லை. தேனியில் கையில் காலில் நரம்பு கிடைக்கவில்லை. தலையில் போடணும் என்று சொல்லி நெற்றிக்கு மேலே, காதோரம் முடியைச் சிரைத்தார்கள். முதல் மொட்டை பழனிக்கு என்று என் அம்மா நேர்ந்திருந்தார். வாசலில் நின்றிருந்தவர் ஒரு வார்த்தை பேசவில்லை. நர்ஸ் வழித்துப் போட்ட முடியைப் பஞ்சோடு சேர்த்து எடுத்து, மருந்து வந்த காகிதத்தில் மடித்து இடுப்பில் செருகிக்கொண்டார். பத்து மாதம் கழித்து மொட்டை போடப் போனபோது அந்தப் பொட்டலத்தையும் கொண்டுவந்திருந்தார்.

கல்ச்சரில் க்ளெப்சியெல்லா என்ற கிருமி. முதலில் போட்ட மருந்துக்கு மசியவில்லை, மாற்றினார்கள். பாலாடையில் 5 மில்லி பால் குடித்த அன்று அம்மா வார்டுக்கே மிட்டாய் கொடுத்தார்.

கோத்தகிரி பேரன்

தப்பாக நினைக்காதீர்கள். இப்போதெல்லாம் எதற்கெடுத்தாலும் செப்சிஸ் என்கிறார்கள். மலையில் குழந்தைக்குக் கை கால் குளிர்வது இயல்பு. எங்கள் பாட்டி உரம் எடுத்தே ஊரை வளர்த்தவர். பால் குடிக்காமல் சிணுங்கினால் வேட்டியில் போட்டு இரண்டு பேர் இரண்டு பக்கம் பிடித்து மெல்ல உருட்டுவார்கள், அப்புறம் குழந்தை குடிக்கும். இதை நானே பார்த்திருக்கிறேன். தொப்புளில் மஞ்சளும் வசம்புச் சாம்பலும் வைப்பார்கள், அதில் கிருமிநாசினி இருக்கிறது. ஊசி போடாவிட்டால் ஆபத்து என்று பயமுறுத்தாமல் பெரியவர்கள் சொல்வதையும் கேட்கலாம். எனக்குத் தெரிந்து ஒரு வீட்டில் வெறும் மாந்தத்துக்கு ஐந்து நாள் ஆஸ்பத்திரிக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருந்தார்கள். கடைசியில் கல்ச்சரில் ஒன்றுமே வளரவில்லை!

குன்னூர் பழைய நர்ஸ்

தம்பி, கல்ச்சரில் ஒன்றும் வளரவில்லை என்றால் நோய் இல்லை என்று அர்த்தம் இல்லை. பச்சைக் குழந்தையிடம் எடுக்கிற ரத்தமே ஒன்றிரண்டு மில்லி. அதில் கிருமி அகப்படாமல் போவது சகஜம். உரத்தைப் பற்றி உங்களோடு சண்டை போடவில்லை. அழுகிற பிள்ளைக்கு உரம் என்கிறீர்கள், சரி. அழாத பிள்ளைக்கு உங்கள் பாட்டி என்ன பேர் வைத்திருந்தார்?

என் கதை சின்னது. ஒரு எஸ்டேட் லயத்தில் (தொழிலாளர் வரிசை வீடு) ஏழாம் நாள் பார்க்கப் போனேன். தொப்புளைச் சுற்றிச் சிவந்து சீழ். அதன் மேல் சாம்பல் அப்பி, அதை மறைத்துத் துணி கட்டியிருந்தது. அந்தப் பெண் பயத்தில் என் கையைப் பிடித்துக்கொண்டு, "காட்டாதீங்கன்னு சொன்னாங்க சிஸ்டர்" என்றாள். குழந்தை பிழைத்தது. அந்தக் கை மட்டும் ஞாபகம் இருக்கிறது.

கேட்காமலே சொல்கிறேன், 31 வருஷம் இதே வேலை. கேத்தி அம்மா செய்ததுதான் சரியான சோதனை. பாதம் குளிர்ந்து வயிறு கதகதப்பாக இருந்தால் குழந்தைக்குக் குளிருகிறது, போர்த்துங்கள். வயிறும் குளிர்ந்திருந்தால் குழந்தையே குளிர்ந்துவிட்டது. வீட்டில் ஒரு டிஜிட்டல் தெர்மாமீட்டர் வாங்கி வையுங்கள், அக்குளில் வைத்துப் பாருங்கள். 36.5 முதல் 37.5 டிகிரி வரை நார்மல். நம் கடைகளில் விற்பது பாரன்ஹீட்டில் காட்டினால் 97.7 முதல் 99.5. செல்சியஸில் 35.5-க்குக் கீழே போனால் ஸ்வெட்டர் தேடாதீர்கள், வண்டி தேடுங்கள். வண்டி வரும்வரை குழந்தையைத் துணி இல்லாமல் உங்கள் வெறும் நெஞ்சில் ஒட்டவைத்து மேலே போர்த்திக்கொள்ளுங்கள். கரி அடுப்பை அறைக்குள் கொண்டுவராதீர்கள், புகையில் வேறு வினை வரும். மூச்சை ஒரு முழு நிமிஷம் எண்ணுங்கள். பச்சைக் குழந்தை நடுவில் மூச்சை நிறுத்தி நிறுத்தி விடும், 15 விநாடி எண்ணி நாலால் பெருக்கினால் தப்பாகும். 60-ம் அதற்கு மேலும் என்றால், இன்னொரு முறை எண்ணியும் அப்படியே இருந்தால், கிளம்புங்கள். விலா எலும்புக்குக் கீழே குழி விழுவது, வலிப்பு வருவது, தூண்டினால்தான் அசைவது, நேற்று குடித்த மாதிரி இன்று குடிக்காதது, இதில் ஒன்று இருந்தாலே போதும். எல்லாம் சேரட்டும் என்று காத்திருந்தவர்களை நான் நிறையப் பார்த்துவிட்டேன். தொப்புளில் ஒன்றும் வைக்க வேண்டாம், மஞ்சளும் வேண்டாம், காய்ந்தால் தானே விழும். 3, 7, 14, 21, 28, 42-ஆம் நாள்களில் சுகாதாரப் பணியாளர் வீட்டுக்கு வந்து பார்க்க வேண்டும் என்பது ஏற்பாடு. யாரும் வரவில்லை என்றால் நீங்களே போன் போட்டுக் கூப்பிடுங்கள், கௌரவம் பார்க்காதீர்கள். கீழே போகச் சொல்லி எழுதிக் கொடுத்தால், முதல் டோஸ் ஊசி போட்டாயிற்றா என்று கேட்டுவிட்டு வண்டியில் ஏறுங்கள். மலை இறங்குகிற நேரம் மருந்தில்லாத நேரமாகப் போகக் கூடாது.

பந்தலூர் டீச்சர்

சிஸ்டர் சொன்னது பச்சைக் குழந்தைக்கு. என் பையன் ஏழு வயது, இங்கே எழுதலாமா தெரியவில்லை.

ஆறு நாள் காய்ச்சல். தினமும் செஃப்ட்ரியாக்ஸோன் ஊசி, தினமும் 103. வயிறு உப்பி, முகம் வீங்கி, ஏழாம் நாள் என்னை "டீச்சர்" என்று கூப்பிட்டான். வீட்டில் ஒருநாளும் அப்படிக் கூப்பிட்டதில்லை. வேறு ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம். டியூட்டி டாக்டர் சின்னப் பெண். அவன் நெஞ்செலும்பின் மேல் கட்டை விரலால் அழுத்தி எடுத்தாள். வெள்ளையாக ஒரு வட்டம். ஒன்று, இரண்டு, மூன்று, நாலு என்று வாய்விட்டு எண்ணினாள். வட்டம் இன்னும் வெள்ளையாகவே இருந்தது. "காலில் அழுத்தினா இந்தக் குளிரில் எல்லாருக்கும் லேட்டாத்தான் ரத்தம் வரும், அதான் நெஞ்சுல பார்க்கறேன்" என்று எனக்குச் சொல்லிக்கொண்டே சலைனுக்கு ஆர்டர் போட்டாள். அதையும் கடகடவென்று ஏற்றவில்லை. கொஞ்சம் விடுவாள், கல்லீரல் வீங்குகிறதா என்று வயிற்றைத் தடவிப் பார்ப்பாள், நெஞ்சில் ஸ்டெத் வைப்பாள், மறுபடி கொஞ்சம்.

அப்புறம் எல்லாத் துணியையும் கழற்றச் சொன்னாள். ஜட்டி எலாஸ்டிக்குக் கீழே, தொடை மடிப்பில், சிகரெட்டால் சுட்ட மாதிரி ஒரு கறுப்புப் பொருக்கு. வலி இல்லை, அரிப்பு இல்லை. அதனால் அவனும் சொல்லவில்லை. ஆறு நாள் நான்தான் அவனுக்கு உடம்பு துடைத்தேன், ஜட்டியோடு.

ஸ்க்ரப் டைஃபஸ், உண்ணிக் காய்ச்சல். டாக்ஸிசைக்ளின் போட்ட இரண்டாம் நாள் காய்ச்சல் விட்டது. அதுவரை போட்ட ஊசி அந்தக் கிருமியைத் தொடவே தொடாதாம்.

கோத்தகிரி பேரன்

இது செப்சிஸ் திரி. உண்ணிக் காய்ச்சலுக்குத் தனியாகத் தொடங்கலாமே. மேலும் எட்டு வயதுக்குக் கீழே டாக்ஸிசைக்ளின் கொடுத்தால் பல் கறையாகும், அதை எப்படிக் கொடுத்தார்கள்?

பந்தலூர் டீச்சர்

அதையேதான் நானும் கேட்டேன். பழைய டெட்ராசைக்ளினுக்கு இருந்த பயம் அது, சில நாள் கொடுக்கிற டாக்ஸிசைக்ளினுக்கு அவ்வளவு இல்லை என்றாள் அந்த டாக்டர். பல் வெள்ளையாகத்தான் இருக்கிறது. அப்புறம், எந்தக் கிருமியாக இருந்தாலும் உடம்பு நிலைகுலைந்து ரத்த ஓட்டம் படுத்துவிட்டால் அதற்குப் பேர் செப்சிஸ்தான் என்று டிஸ்சார்ஜ் அட்டையிலேயே எழுதியிருக்கிறது. போட்டோ போடட்டுமா?

இன்னொன்று. உண்ணி என்று பேர் வந்ததால் எல்லோரும் எங்கள் நாயைத் திட்டினார்கள். நாய் உண்ணி இல்லை, புதரில் இருக்கிற கண்ணுக்கே தெரியாத ஒரு பூச்சியின் குஞ்சு. பையன் பந்து தேடி நுழைந்தது உண்ணிச்செடிப் புதருக்குள். பேர்ப் பொருத்தத்தைப் பாருங்கள்.

பர்லியார் வளைவு

ஆம்புலன்ஸில் டெக்னீஷியன். ஒன்று மட்டும் எழுதுகிறேன்.

இரண்டு நாள் குழந்தை, 1.9 கிலோ. அம்மா ஆபரேஷன் முடிந்து மேலேயே படுத்திருக்கிறார், கூட வந்தது அப்பா மட்டும். காட்டேரி தாண்டியதிலிருந்து மூடுபனி, டிரைவர் ரோட்டில் போட்ட வெள்ளைக் கோட்டைப் பார்த்துப் பார்த்து இறக்குகிறார். குழந்தைக்குச் சூடு ஏறவே இல்லை. "அண்ணா, சட்டையைக் கழற்றுங்க" என்றேன். அவர் கட்டட வேலை ஆள், சட்டை முழுக்கச் சிமென்ட். என்னமோ தப்புச் செய்தவர் மாதிரிப் பார்த்தார். "அம்மாதானே வைக்கணும்?" என்றார். யார் நெஞ்சானாலும் சூடு ஒன்றுதான் என்று சொல்லிக் குழந்தையை அவர் நெஞ்சில் கவிழ்த்து, மேலே அவர் ஸ்வெட்டரையும் என் ஜாக்கெட்டையும் போட்டேன். குழந்தையின் கழுத்து மடங்காமல் ஒரு கையால் நான் பிடித்துக்கொண்டேன். மேட்டுப்பாளையம் வரை அந்த ஆள் அசையவில்லை. ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் காலை மட்டும் உதைத்து ஊன்றிக்கொள்வார்.

இறங்கும்போது 36.2. அதற்கப்புறம் என்ன ஆனது என்று எனக்குத் தெரியாது. எங்களுக்கு யாரும் சொல்வதில்லை.

பெயர் வேண்டாம்

எங்களுக்கு ஒன்பதாம் நாள். வாயு என்றார்கள், கிரைப் வாட்டர் கொடுத்தோம். விடியட்டும், முதல் பஸ்ஸில் போகலாம் என்று இருந்தோம். ஐந்தே முக்கால் பஸ். ஐந்து மணிக்கே எங்களுக்கு அவசரம் இல்லாமல் போய்விட்டது.

கேத்தி அம்மா

பெயர் வேண்டாம், படித்தேன். என்ன எழுதுவது என்று தெரியவில்லை. படித்தேன் என்று மட்டும் சொல்லிக்கொள்கிறேன்.

கோத்தகிரி பேரன்

நானும் படித்தேன். மேலே எழுதியதை அழிக்க வழி தெரியவில்லை.

குன்னூர் பழைய நர்ஸ்

அழிக்க வேண்டாம் தம்பி, இருக்கட்டும். உங்கள் பாட்டி மாதிரி ஒவ்வொரு வீட்டிலும் ஒருவர் இருக்கிறார், அவர்களிடம் பேசத்தான் எனக்கு ஆள் வேண்டும்.

கேத்தி அம்மா, மன்னவனூர் தம்பி, இருவரிடமும் ஒரு கேள்வி. ஜென்டாமைசின், அமிகாசின் மாதிரி, காதைப் பாதிக்கக்கூடிய மருந்து போட்ட குழந்தைக்குக் காது டெஸ்ட் செய்தீர்களா? பெரா என்று எழுதிக் கொடுத்திருப்பார்கள்.

கேத்தி அம்மா

செய்தோம் சிஸ்டர், மூன்று மாதத்தில். நார்மல்.

மன்னவனூர்க்காரன்

எழுதிக் கொடுத்தார்கள். பூண்டு அறுவடை நேரம், இரண்டு முறை தேதி தள்ளிப் போனது. அதற்குள் நானே தினமும் ராத்திரி அவன் பின்னால் நின்று கை தட்டிப் பார்ப்பேன். திரும்புவான். இருந்தாலும் நிழலைப் பார்த்துத் திரும்பினானோ என்று விளக்கை அணைத்துவிட்டுத் தட்டுவேன். டெஸ்ட் நார்மல் என்று வந்து ஒரு வருஷம் ஆகிறது சிஸ்டர். நேற்றும் தட்டினேன். "என்னப்பா?" என்றான்.