க்யூரேட்டரின் புத்தகம்: ஆவணமா, கலைஞர்களின் மேல் எழுப்பிய இன்னொரு படைப்பா?

காகிதப்பூ எழுதியது:
அமெரிக்கக் கலை விமர்சகரும் க்யூரேட்டருமான (கண்காட்சிக்குப் படைப்புகளைத் தேர்ந்து அமைப்பவர்) லூசி லிப்பார்ட் 1973-ல் கொண்டுவந்த 'ஆறு ஆண்டுகள்' தொகுப்பை முடித்துவிட்டேன். 1966 முதல் 1972 வரை கருத்தியல் கலையில், அதாவது செய்த பொருளைவிட அதன் எண்ணமே முக்கியம் என்ற கலையில், நடந்தவற்றை ஆண்டு வரிசையில் அடுக்கியிருக்கிறார். கண்காட்சி விவரங்கள், கடிதங்கள், பேட்டித் துண்டுகள், இடையிடையே அவருடைய சிறு குறிப்புகள். எதையும் விளக்கி எழுதவில்லை. பார்த்தால் நடுநிலையான ஆவணம் மாதிரி இருக்கிறது, ஆனால் யார் உள்ளே, யார் வெளியே என்று முடிவு செய்தது ஒரே ஆள். அந்தக் காலத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் இன்றும் இந்தப் புத்தகத்திலிருந்துதான் தொடங்குகிறார்கள். ஒருவருடைய தேர்வே வரலாறாகிவிட்டது. இது எனக்குப் பெரிய குறையாகப் படுகிறது.

தறி எழுதியது:
தேர்வு இல்லாத தொகுப்பு எங்கே இருக்கிறது? லிப்பார்ட் தன் தேர்வை மறைக்கவும் இல்லை. புத்தகத்தின் நீண்ட தலைப்பு அட்டை முழுக்க ஓடுகிறது, அதிலேயே இதன் எல்லைகளைச் சொல்லிவிடுகிறார்.

ஆனால் உங்கள் கேள்வியே வேறு இடத்திலிருந்து தொடங்க வேண்டும் என்று நினைக்கிறேன். 'கலை ஒரு பக்கம், அதைப் பற்றிய புத்தகம் மறுபக்கம்' என்று பிரித்துக்கொண்டு பேசுகிறீர்கள். அந்த ஆண்டுகளில் நியூயார்க்கில் க்யூரேட்டர் சேத் சீகலாப் செய்தது அந்தப் பிரிவையே உடைத்தது. 1968 டிசம்பரில் வந்த 'ஜெராக்ஸ் புத்தகம்' ஏழு கலைஞர்களுக்கு ஆளுக்கு 25 பக்கம் கொடுத்தது. அது ஒரு கண்காட்சியின் கேட்லாக் இல்லை. அந்தப் பக்கங்கள்தான் கண்காட்சி. ஜெராக்ஸ் எடுத்தால் செலவு கட்டுப்படியாகாது என்பதால் கடைசியில் ஆஃப்செட்டில் அச்சடித்தார்கள், பெயர் மட்டும் அப்படியே நின்றுவிட்டது.

அடுத்த மாதமே, 1969 ஜனவரி 5 முதல் 31 வரை, ஒரு அலுவலக இடத்தை வாடகைக்கு எடுத்து பாரி, ஹியூப்லர், கோசுத், வீனர் என்ற கருத்தியல் கலைஞர்கள் நால்வரின் கண்காட்சியை நடத்தினார். அதில் கேட்லாக்தான் முதன்மை, அறையில் இருப்பது அதற்குத் துணை. படைப்பு ஒரு வாக்கியமாக இருக்கும்போது அதைக் காகிதத்தில் படிப்பதும் நேரில் பார்ப்பதும் ஒன்றுதானே? வீனரின் 'ஸ்டேட்மென்ட்ஸ்' நூலை 1.95 டாலர் கொடுத்து யாரும் வாங்க முடிந்தது. வாங்கியவர் கையில் இருந்தது படைப்பின் நகல் அல்ல, படைப்பு. இதற்கு முன்னால் எந்த க்யூரேட்டர் பார்வையாளரை இவ்வளவு நம்பினார்?

காகிதப்பூ எழுதியது:
சீகலாப் பற்றிச் சொன்னதை முழுக்க ஏற்கிறேன். அவர் பக்கத்தைக் கலைஞருக்குக் கொடுத்துவிட்டு ஒதுங்கினார். லிப்பார்ட் அப்படி ஒதுங்கியவர் இல்லை. 1969-ல் சியாட்டிலில் அவர் நடத்திய கண்காட்சிக்கு அந்நகரத்தின் மக்கள்தொகையான 557,087 என்பதே தலைப்பு. கலைஞர்கள் பலர் வரவில்லை. அவர்கள் அனுப்பிய குறிப்புகளை வைத்துப் பல படைப்புகளை அங்கேயே செய்தார்கள், லிப்பார்டும் கூட நின்று செய்தார். அதைப் பார்த்துவிட்டு ஆர்ட்ஃபோரம் என்ற கலை இதழில் விமர்சகர் பீட்டர் பிளேஜன்ஸ் எழுதியது உங்களுக்குத் தெரிந்திருக்கும்: இங்கே கலைஞர் லிப்பார்ட்தான், மற்ற கலைஞர்கள் அவருடைய ஊடகம் என்று தோன்றுகிறது என்றார். புத்தகத்தைப் படிக்கும்போது எனக்கும் அதே எண்ணம்தான் வந்தது.

வெண்கோடு எழுதியது:
இடையில் வருவதற்கு மன்னிக்கவும். பிளேஜன்ஸ் சொன்னதைவிடக் கூர்மையாக இதைச் சொன்னவர் பிரெஞ்சுக் கலைஞர் டேனியல் பியூரன். 1972-ல் க்யூரேட்டர் ஹரால்ட் ஸீமான் ஜெர்மனியின் காசல் நகரில் நடத்திய ஐந்தாவது டாக்குமென்டா என்ற பெரிய கலைக் கண்காட்சியின் கேட்லாகிலேயே எழுதினார்: இப்போது கண்காட்சிகள் கலைப்படைப்புகளைக் காட்டுவதை விட்டுவிட்டு, கண்காட்சியையே ஒரு கலைப்படைப்பாகக் காட்டத் தொடங்கிவிட்டன என்பதுதான் சாரம். தன்னை அழைத்தவரின் புத்தகத்துக்குள்ளேயே நின்று எழுதினார். ஸீமானும் அதை அச்சிட்டார். காகிதப்பூவின் பயம் புதிதல்ல, கலைஞர்களிடமே இருந்தது.

தறி எழுதியது:
சரி, ஆனால் ஸீமானையும் லிப்பார்டையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள். சியாட்டில் கண்காட்சியின் கேட்லாக் ஒரு புத்தகமாகவே வரவில்லை, தனித்தனி அட்டைகளாக வந்தது. வாசகர் எந்த வரிசையிலும் கலைத்து அடுக்கலாம், வேண்டாததைத் தூக்கி வைக்கலாம். தன்னை ஆசிரியராக நிறுத்திக்கொள்ள ஆசைப்படுகிறவர் அப்படிச் செய்வாரா? 'ஆறு ஆண்டுகள்' அந்த அட்டைகளின் நீட்சிதான். கோவையான கதை சொல்லாததைக் குறையாகச் சொன்னீர்கள். கதை சொல்லியிருந்தால்தான் உங்கள் குற்றச்சாட்டு பொருந்தும்.

இன்னொன்றும் இருக்கிறது. 1973-ல் எழுதிய பின்னுரையில், கலை வணிகத்தின் பிடியிலிருந்து தப்பிக்கும் என்ற நம்பிக்கை பெரும்பாலும் பலிக்கவில்லை என்று அவரே எழுதினார். தான் முன்னால் நின்று ஆதரித்த இயக்கத்தைப் பற்றி, அது நடந்துகொண்டிருக்கும்போதே! இந்த நேர்மைக்காகவே அந்தப் புத்தகத்தை மறுபடி மறுபடி எடுக்கிறேன்.

வெண்கோடு எழுதியது:
பின்னுரை விஷயத்தில் தறி பக்கம் நிற்கிறேன். சீகலாப் 1971-லேயே வழக்கறிஞர் ராபர்ட் புரோஜான்ஸ்கியோடு சேர்ந்து ஒரு ஒப்பந்தப் படிவம் தயாரித்தார். படைப்பு மறுவிற்பனை ஆகும்போது விலை ஏறியிருந்தால் அந்த லாபத்தில் 15 சதவீதம் கலைஞருக்குப் போக வேண்டும் என்பது அதில் ஒரு விதி. வணிகத்திலிருந்து தப்ப முடியாது என்று தெரிந்ததால்தானே இதெல்லாம்? அப்புறம், அந்த ஜெராக்ஸ் புத்தகத்தின் முதல் பதிப்பே இன்று சேகரிப்பாளர்கள் தேடும் அரிய பொருளாகிவிட்டது. எல்லோர் கைக்கும் போக வேண்டும் என்று அச்சிட்டது அது. எனக்கு இது வருத்தமாக இருக்கிறது.

காகிதப்பூ எழுதியது:
பின்னுரையின் நேர்மையை மறுக்கவில்லை. என் கேள்வி அதிகாரத்தைப் பற்றியது. மெல் போக்னர் அந்த இயக்கத்துக்குள்ளேயே இருந்த கலைஞர். புத்தகம் வந்த அதே 1973-ல் ஆர்ட்ஃபோரமில் அதைக் கடுமையாக விமர்சித்தார். உள்ளே இருந்தவருக்கே அது தன் காலமாகத் தெரியவில்லை என்றால், வெளியிலிருந்து படிக்கும் நாம் எதை நம்புவது?

தறி எழுதியது:
லிப்பார்ட் சேர்த்த மறுப்புகளை நம்பலாம். கலையிலிருந்து பொருள் (அர்த்தம் அல்ல, தொட்டுப் பார்க்கக்கூடிய பொருள்) மறைந்துகொண்டிருக்கிறது என்று அவரும் ஜான் சாண்ட்லரும் 1968-ல் எழுதியபோது, ஆர்ட் அண்ட் லாங்குவேஜ் என்ற கருத்தியல் கலைஞர் குழுவின் டெரி அட்கின்சன் கடிதம் எழுதி மறுத்தார். காகிதத்தில் இருந்தாலும் பொருள் பொருள்தான் என்பது அவர் வாதம். அந்தக் கடிதத்தின் பகுதி இந்தப் புத்தகத்துக்குள்ளேயே இருக்கிறது.

காகிதப்பூ எழுதியது:
இருக்கிறது, படித்தேன். ஆனால் அட்கின்சன் மறுத்த அதே கருத்து ஐந்து ஆண்டுகள் கழித்தும் அட்டையில் தலைப்பின் பகுதியாக நிற்கிறது. உள்ளே யார் பேசலாம் என்பதையும், அட்டையில் எது நிற்கும் என்பதையும் முடிவு செய்தவர் ஒருவரே. நான் சொல்வது அவ்வளவுதான்.