வெள்ளிக்கிழமைக்குள்ள கையெழுத்து

குழு: ரெண்டாம் லயம் குடும்பம், சுங்கை சிப்புட், மலேசியா

செவ்வாய்

தினேஷ் (இரவு 8:12): எல்லாருக்கும் வணக்கம். லோன் பாஸ் ஆயிடுச்சு 🙏

தினேஷ்: ஈப்போ வீடு, போன மாசம் அம்மாவ கூட்டிட்டு போய் பாத்தோமே அது. வெலை 380,000, லோன் 342,000, 35 வருசம், மாசம் 1,514 வெள்ளி (ரிங்கிட்). வெள்ளிக்கிழமைக்குள்ள ஆஃபர் லெட்டர்ல சைன் வைக்கணுமாம்

சரசு அத்தை: என் கண்ணு. ஒங்கப்பா இருந்து பாக்கலையே

பிரகாஷ்: 👏👏

பெரியப்பா: முருகா. எத்தன ரூம்

தினேஷ்: மூணு பெரியப்பா. டெரஸ் வீடு, பழசு

சரசு அத்தை: ஞாயித்துக்கிழமை தீமிதிக்கு வேன் சொல்லணும், எத்தன பேருன்னு இன்னும் யாரும் சொல்லல

அம்மா: நானும் தினேஷும் ரெண்டு பேரு

கவிதா அக்கா: தினேஷ் சந்தோசம்டா. சைன் வைக்கிறதுக்கு முன்னாடி அந்த லெட்டர முழுசா போட்டோ எடுத்து அனுப்பு. மாசம் எவ்வளவுன்னு மட்டும் சொன்ன, மொத்தம் எவ்வளவுன்னு சொல்லலையே

தினேஷ்: மொத்தம் 342 தானே அக்கா

கவிதா அக்கா: இல்லடா

பிரகாஷ்: ஆரம்பிச்சிட்டாங்க அக்கா

கவிதா அக்கா (8:41): ஆமா ஆரம்பிக்கிறேன், படிங்க. 1,514 பெருக்கல் 420 மாசம், கிட்டத்தட்ட 636,000 வெள்ளி. நீ வாங்குற கடன் 342,000, வட்டி மட்டும் 294,000. இது வட்டி 4%லேயே கடைசி வரைக்கும் நின்னா வர்ற கணக்கு. மொத மாசம் நீ கட்டுற 1,514ல 1,140 வட்டிக்குப் போயிடும், அசல்ல கழியிறது 374 தான். அஞ்சு வருசம் ஒழுங்கா கட்டுனேன்னு வை, 90,857 வெள்ளி கட்டியிருப்ப, கடன் குறைஞ்சிருக்கிறது 24,800. பத்து வருசம் கட்டுனா 181,000க்கு மேல போயிருக்கும், பாக்கி அப்பவும் 286,000க்கு மேல நிக்கும். இத பேங்க் ஆபிசர் யாரும் ஒக்காந்து சொல்ல மாட்டாங்க, நான் லாயர் ஆபிஸ்ல தினமும் லோன் பேப்பர் அடுக்குறேன், சைன் வைக்க வர்றவங்க பத்து பேர்ல ஒருத்தர் கூட இத கேட்டு நான் பாத்ததில்ல

சித்தி: அம்மாடி

அம்மா: கவிதா எனக்கு தலை சுத்துது. ரெண்டு வீட்டு காசா?

கவிதா அக்கா: வீட்டு வெலைய கணக்கு போட்டா கிட்டத்தட்ட ஒண்ணே முக்கா வீட்டு காசு அத்தை. 38,000 முன்பணம் வேற கையிலேர்ந்து போகுது, அதையும் சேத்தா 674,000

பெரியப்பா (8:55): புள்ளைய பயமுறுத்தாதம்மா. ஒங்க தாத்தா ரப்பர் தோட்டத்துல நாப்பது வருசம் பால்மரம் வெட்டுனாரு, வேலை முடிஞ்ச அடுத்த மாசம் தோட்டத்து ஆபிஸ் கிராணி வந்து வீட்ட காலி பண்ணுங்கன்னு சொன்னான். சாமான எல்லாம் லாரியில ஏத்திட்டு எங்க போறதுன்னு தெரியாம ரோட்டுல நின்னோம், எனக்கு அப்ப பத்தொம்பது வயசு. 1960ல அமைச்சரா இருந்த சம்பந்தன் தோட்டத் தொழிலாளிங்களுக்குன்னு கூட்டுறவு சங்கம் ஆரம்பிச்சப்ப தாத்தா 10 வெள்ளி 10 வெள்ளியா கட்டி பங்கு வாங்குனாரு, தோட்டத்த துண்டு துண்டா விக்கிறாங்க நமக்குன்னு ஒரு பிடி மண்ணு வேணும்னு. அவருக்குன்னு சொந்த வீடு கடைசி வரைக்கும் அமையல. பாட்டி பேர்ல மலிவு வீடு கெடைச்சதே அவரு போன பெறகுதான். வட்டி போனா போகுது, வீடு நிக்கும்

சரசு அத்தை: அந்த லாரியில என் தையல் மிசின் ஒடஞ்சிச்சு

கவிதா அக்கா: பெரிய மாமா நான் வாங்க வேணாம்னு சொல்லல. தெரிஞ்சு வாங்கட்டும்னு சொல்றேன்

தினேஷ்: இப்ப வாடகை 850 போகுதுக்கா. 35 வருசம் வாடகை கட்டுனா 357,000, ஏறாம இருந்தா. அதுல கையில ஒண்ணும் நிக்காது

கவிதா அக்கா: அது சரியான கணக்கு, ஒத்துக்கிறேன். நான் கேக்குறது 35 வருசம் எதுக்குன்னு. ஒனக்கு 31 வயசு. 60ல வேலை முடியும்போது இன்னும் 96,000க்கு மேல பாக்கி இருக்கும், 66 வயசு வரைக்கும் மாசம் 1,514. எதுலேர்ந்து கட்டுவ?

பிரகாஷ்: இபிஎஃப்

கவிதா அக்கா: சேமநிதி பணத்த இதுல போட்டா அப்ப சாப்பாட்டுக்கு?

மாமா (9:10): மாப்ளே வீட்டு கூரைய பாத்தியா. பழைய வீடுன்னா வயரிங், கூரை கட்டை, பைப்பு இதுக்கே 20,000 வேணும். நான் வந்து தட்டிப் பாக்குறேன். க்ரில் வேலைய யார்கிட்டயும் குடுத்துடாத

தினேஷ்: சரி மாமா

சித்தி: மழ பெய்யும்போது போய் பாக்கணும்

கவிதா அக்கா: அதையும் எழுதிக்க. சுக்காய் பிந்து (வீட்டு வரி) வருசத்துக்கு ரெண்டு தடவ, சுக்காய் தானா (நில வரி), தீ இன்சூரன்ஸ். லாயர் பீஸ் வாங்குற பேப்பருக்கு 4,750, லோன் பேப்பருக்கு 4,275, அதுக்கு மேல சர்வீஸ் வரி. மொத வீடுங்கிறதால 5 லட்சத்துக்குள்ள ஸ்டாம்ப் டியூட்டி விலக்கு இருக்கு, இல்லன்னா 6,600 ஒண்ணு 1,710 ஒண்ணு கட்டணும்

கவிதா அக்கா: முக்கியமா ஒண்ணு. பெரிய மாமா, பாட்டி வீட்ட பேர் மாத்தும்போது தினேஷ் பேர் இப்ப போடாதீங்க. பரம்பரையா ஒரு பங்கு வந்தா கூட அவனுக்கு இது மொத வீடுன்னு சத்தியப் பேப்பர்ல எழுத முடியாது. 8,310 வெள்ளி போயிடும்

பெரியப்பா: பேர் போடலன்னா நாளைக்கு பெரியவன் எல்லாத்தையும் எடுத்துக்கிட்டான்னு சொல்வீங்க

அம்மா: யார் அத்தான் அப்படி சொன்னா

பெரியப்பா: சொன்னவங்களுக்குத் தெரியும்

சரசு அத்தை: வேன் 12 சீட்டு. இதுவரைக்கும் 7

புதன்

தினேஷ் (மதியம் 1:05): ஆபிசர்கிட்ட கேட்டேன். 25 வருசம்னா மாசம் 1,805. என் சம்பளத்துக்கு தனியா குடுக்க மாட்டாங்களாம், கார் லோன் 610 இருக்கில்ல. கையில வர்றது 3,400, அதுல 70%க்கு மேல கடனுக்குப் போகக் கூடாதாம். யாராச்சும் ஜாயின்ட்டா சேந்தா முடியுமாம்

கவிதா அக்கா: 25ன்னா வட்டி 199,500 தான். 35ஐ விட 94,000 மிச்சம், மாசம் 291 கூட கட்டுறதுக்கு

பெரியப்பா: பிரகாஷ் சேரட்டும். அண்ணன் தம்பிதானே

பிரகாஷ்: அப்பா

பிரகாஷ்: நானும் வீடு வாங்கணும்பா. பேர் போட்டுட்டா எனக்கு மொத வீட்டு சலுகை போயிடும், எனக்கு லோன் கேக்கும்போது இந்தக் கடனையும் சேத்துப் பாப்பாங்க. தினேஷ் தப்பா நெனைக்காத

தினேஷ்: இல்ல அண்ணே, நானே வேணாம்னுதான் சொல்ல வந்தேன்

மாமா: நான் வேணா சேர்றேன் மாப்ளே

அம்மா (1:22): வேணாம்ணே. யாரும் யாருக்கும் கையெழுத்து போட வேணாம். இந்த வீட்டுல ஒரு கையெழுத்துக்கு நாங்க ஆறு வருசம் அழுதது போதும்

சரசு அத்தை: லெச்சுமி

அம்மா: நான் யாரையும் குத்தம் சொல்லல அண்ணி. 98ல அண்ணன் வாங்குன லாரிக்கு தினேஷ் அப்பா கேரண்டர் நின்னாரு. லாரிய இழுத்துட்டுப் போன பெறகும் வீட்டுக்கு லெட்டர் வந்துச்சு. தினேசுக்கு ஸ்கூல் சப்பாத்து வாங்க காசில்லாம பழசுக்கு வெள்ளப் பாலிஷ் அடிச்சு அனுப்புனேன்

மாமா: நான் பாதிய குடுத்துட்டேன்

அம்மா: ஆமா. குடுத்தீங்க

மாமா: மிச்சத்தையும் மறக்கல. மச்சான் கடைசியா ஆஸ்பத்திரியில இருந்தப்ப கூட அதத்தான் பேசுனேன், விடுங்க மாமான்னு கையப் புடிச்சாரு

சரசு அத்தை: இந்த மெசேஜ் நீக்கப்பட்டது

(ரெண்டு மணி நேரம் யாரும் எழுதல)

சித்தி (3:40): தீமிதிக்கு மஞ்ச சேலதான் கட்டணுமா

கவிதா அக்கா (இரவு 9:30): அத்தை, எங்கப்பா லாரிக் கடனுக்கு தினேஷ் அப்பா பட்டது எனக்குத் தெரியும். அப்ப எனக்கு பதினாலு வயசு. அதனாலதான் தினேஷ் விசயத்துல இப்படி தொணதொணன்னு பேசிக்கிட்டு இருக்கேன். தினேஷ், 30 வருசம் கேட்டியா? மாசம் 1,633. கார் லோன சேத்தா 2,243, 3,400ல 66%, தனியாவே கெடைக்கணும். வட்டி 245,800. 35ஐ விட 48,000 மிச்சம், மாசத்துக்கு 118 வெள்ளிதான் கூட. 61 வயசுல முடியும்

தினேஷ்: நாளைக்கு கேக்குறேன்

அம்மா: வேலை போச்சுன்னா? 118ன்னாலும் காசுதானே. கம்மியா இருக்கறதே நல்லது

கவிதா அக்கா (9:52): அதுவும் யோசிக்க வேண்டியதுதான் அத்தை. அதனால இன்னொரு வழி சொல்றேன். 35 வருசத்துக்கே எடுத்து, முடிஞ்ச மாசம் 200 கூட போடுறது. மாசா மாசம் விடாம போட்டா ஏழரை வருசம் முன்னாடியே முடிஞ்சிடும், வட்டி 72,000க்கு மேல மிஞ்சும். வேலை இல்லாத மாசம் 1,514 மட்டும் கட்டுனா போதும். ஆனா அதுக்கு, கூட போடுற காசு அசல்ல கழியிற ஃபிளெக்சி லோனா இருக்கணும், செமி-ஃபிளெக்சியாவது இருக்கணும், லெட்டர்ல எழுதியிருக்கணும். நான் ஏமாந்த கதை ஒங்களுக்குத் தெரியாது. 2012ல நான் வீடு வாங்குனேன், லாயர் ஆபிஸ்ல சேர்றதுக்கு முன்னாடி. மூணு வருசம் மாசம் 200 கூட போட்டேன், ஓவர்டைம் காசு அது, புள்ளைங்கள அம்மாகிட்ட விட்டுட்டு ராத்திரி பத்து மணி வரைக்கும் நின்னு சம்பாதிச்சது. கடன் குறைஞ்சிட்டு வருதுன்னு நம்பிக்கிட்டு இருந்தேன். ஸ்டேட்மென்ட்ட எடுத்துப் பாத்தா 7,200 வெள்ளியும் முன்பணம்னு தனியா ஒக்காந்திருக்கு, அசல்ல ஒரு சென் கழியல. கேட்டா நீங்க எழுதிக் குடுக்கலையேங்கிறாங்க. அன்னிக்கு கவுண்டர்லேயே அழுதேன்

சரசு அத்தை: எங்கிட்ட ஏன் சொல்லல

கவிதா அக்கா: சொல்லி என்ன பண்றதும்மா

தினேஷ்: அக்கா லெட்டர்ல டெர்ம் லோன்னுதான் போட்டிருக்கு

கவிதா அக்கா: அதத்தான் மாத்தச் சொல்லு. சைன் வைக்கிறதுக்கு முன்னாடிதான் பேச முடியும், அப்புறம் ஒவ்வொண்ணுக்கும் ஃபாரம், கட்டணம்னு அலையணும்

பிரகாஷ்: இபிஎஃப்லேர்ந்து வருசா வருசம் எடுத்து கடன்ல போடலாமே, வீட்டுக்குன்னா விடுவாங்க

கவிதா அக்கா: விடுவாங்க. ஆனா 2024க்கு இபிஎஃப் 6.30% குடுத்தாங்க, கடன் வட்டி 4%. அதிகமா வர்ற எடத்துலேர்ந்து எடுத்து கம்மியா போற எடத்துல போடுறது நட்டம்

பிரகாஷ்: ஓ

வியாழன்

பெரியப்பா (காலை 7:15): எல்லாருக்கும் காலை வணக்கம். இந்த வட்டி ஏறுமா எறங்குமா

கவிதா அக்கா: ரெண்டும்தான் மாமா. லெட்டர்ல எஸ்பிஆர்ங்கிற அடிப்படை வட்டி 2.75 கூட 1.25ன்னு இருக்கும். பேங்க் நெகாரா, அதான் மத்திய வங்கி, ஓபிஆர்ங்கிற அதோட வட்டிய மாத்துனா எஸ்பிஆரும் மாறும். ஓபிஆர் 2020 ஜூலையில 1.75, 2023 மே மாசம் 3.00, 2025 ஜூலையில 2.75. கால் சதவீதம் ஏறுனா தினேசுக்கு மாசம் 52 வெள்ளி கூடும்

சித்தி: எங்களுக்கும் அப்ப ஏறுச்சு. கோவிட்ல ஆறு மாசம் கட்ட வேணாம்னாங்க, பெறகு பாத்தா வட்டி ஓடிக்கிட்டேதான் இருந்திருக்கு

தினேஷ் (12:48): ஆபிசர் சொல்லிட்டாரு. 30 வருசம் தனியா ஓகேயாம். செமி-ஃபிளெக்சி பத்தி மேலதிகாரிகிட்ட கேட்டுட்டு சொல்றாராம். எம்ஆர்டிஏங்கிற லோன் இன்சூரன்ஸ் கட்டாயம்ங்கிறாரு, 12,000, அதையும் லோன்லேயே சேத்துக்கலாமாம்

கவிதா அக்கா: பாலிசி நல்லதுதான், ஒனக்கு ஏதாச்சும் ஒண்ணுன்னா அத்தை தலையில கடன் விழாது. ஆனா லோன்ல சேத்தா 35 வருசத்துல அந்த 12,000 22,000க்கு மேல ஆகும். கடன் குறையக் குறைய பாலிசி தொகையும் குறையும். அத எடுத்தாத்தான் லோனா, இல்ல வட்டியில கழிவுக்காகவான்னு எழுத்துல கேளு. வாயால சொல்றத நம்பாத. லாக்-இன் எத்தன வருசம்னும் கேளு

தினேஷ்: 3 வருசம். அதுக்குள்ள அடைச்சா 3% அபராதம்

அம்மா: அந்த 12,000 நான் தரேன்

தினேஷ்: எதுலேர்ந்துமா

அம்மா: வளையல் இருக்கு

தினேஷ்: வேணாம்மா

அம்மா: ஒங்கப்பா இபிஎஃப் எடுத்து எனக்கு செஞ்சு போட்டது. பொட்டியிலதானே கெடக்கு

பெரியப்பா: வளையல தொடாத லெச்சுமி. பாட்டி வீட்டு வாடகை நாலு வருசமா எங்கிட்டதான் வருது. அதுல தம்பி பங்கு இருக்கு. ஞாயித்துக்கிழமை கோயில்ல வச்சு பேசுவோம்

பிரகாஷ்: நாலு வருசமா?

சரசு அத்தை: அதுல எனக்கும் பங்கு இருக்கு அண்ணே

பெரியப்பா: ஞாயித்துக்கிழமை பேசுவோம்னு சொன்னேன்ல

மாமா: மாப்ளே நான் ஈப்போ வந்துட்டேன். கூரையில பின் பக்கம் ஓடு எறங்கியிருக்கு, குசினிக்கு மேல. வெலையில 5,000 கொறைக்கச் சொல்லு. கூலி வேணாம், சாமான் மட்டும் வாங்கிக் குடு, நான் செஞ்சு தரேன்

அம்மா: சாப்பிட்டீங்களாண்ணே

மாமா: இன்னும் இல்ல

அம்மா: வர்ற வழியில வீட்டுக்கு வாங்க. கருவாட்டுக் குழம்பு இருக்கு

தினேஷ் (இரவு 8:20): ஆபிசர் இன்னும் பதில் போடல. நாளைக்கு காலையில நேர்ல போறேன். வீட்டுக்காரர்கிட்டயும் கூரை பத்தி பேசணும், திங்கள் வரைக்கும் நேரம் குடுப்பாங்களான்னு கேட்டுப் பாக்குறேன்

கவிதா அக்கா: ஏழாவது பக்கம் போட்டோ மங்கலா இருக்கு, திரும்ப அனுப்பு. நான் லீவு போட்டுட்டு ஒங்கூட வரேன்

சரசு அத்தை: வேன் இப்ப 11. பிரகாஷ் நீ வர்றியா இல்லையாடா