ஊரில் மனமகிழ் மன்றம் கட்டலாமா? முன்னாள் ராணுவத்தினர் கருத்துச் சொல்லவும்

மத்தூர்_ஹவில்தார்:
எங்கள் பக்கம் முன்னாள் ராணுவத்தினர் நாற்பது பேர் இருக்கிறோம். தலைக்குப் பத்தாயிரம் போட்டு ஒரு மனமகிழ் மன்றம் கட்ட யோசனை. கேரம், டிவி, பேப்பர், வாசலில் வாலிபால். யூனிட்டில் இதெல்லாம் இருந்தது. ஊரில் டீக்கடை பெஞ்சுதான். உறுப்பினராக, ராணுவத்திலிருந்து விடுவிக்கும்போது தரும் டிஸ்சார்ஜ் புக் காட்ட வேண்டும்.

அரூர்க்காரன்:
நாலு லட்சத்தைச் செங்கல்லில் போடப் போகிறீர்களா? ராணுவப் பென்ஷன் ஸ்பர்ஷ் என்ற ஆன்லைன் முறைக்கு மாறியதிலிருந்து ஆயுள் சான்று பதிய எங்கள் ஊர்ப் பெரியவர்கள் வருஷா வருஷம் படும் பாட்டை நான் பார்க்கிறேன். ரேகை தேய்ந்த விரலை மிஷினில் வைத்து வைத்துப் பார்த்துவிட்டுத் திரும்பி வருகிறார்கள். ஒரு லேப்டாப், விவரம் தெரிந்த ஒரு பையன் போதும். இன்னொன்று, முதல்வரின் காக்கும் கரங்கள் திட்டத்தில் தொழில் தொடங்க ஒரு கோடி வரை கடன், 30 சதவீதம் மூலதன மானியம். கலெக்டர் ஆபீஸ் வளாகத்தில் விசாரித்து நாலு பேர் கடை வையுங்கள். கேரம் அப்புறம் ஆடலாம்.

மத்தூர்_ஹவில்தார்:
கடன் வாங்கித் தொழில் செய்கிறவன் செய்யட்டும் சார். நான் 38 வயதில் வெளியே வந்தவன். முதல் ஆறு மாதம் விடியற்காலை 5 மணிக்கு எழுந்து, ஷேவ் பண்ணி, ஷூவுக்குப் பாலிஷ் போட்டு, எங்கே போவதென்று தெரியாமல் திண்ணையில் உட்கார்ந்திருப்பேன். வீட்டில் யாரோடும் பேச்சு ஒட்டவில்லை. அதற்கு எந்த ஆபீஸில் மனு கொடுப்பது?

ஊத்தங்கரை_மருமகள்:
நீங்கள் சொல்வது புரிகிறது அண்ணா. என் வீட்டுக்காரர் இப்போது பீல்டில், லடாக் பக்கம். அவர் லீவில் வரும்போதும் பாதி நாள் அப்படித்தான் உட்கார்ந்திருப்பார். ஆனால் வருஷத்தில் மீதி நாளெல்லாம் நான் என்ன செய்கிறேன்? மாமியாரைக் கூட்டிக்கொண்டு கிருஷ்ணகிரி போய், பஸ் மாறி, பெங்களூரு ராணுவ ஆஸ்பத்திரிக்குப் போகிறேன். சின்னவனைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டுத்தான். குவார்ட்டர்ஸில் இருந்தவரை வெல்ஃபேர் மீட் என்று மாதம் ஒருமுறையாவது பெண்கள் உட்கார்ந்து பேசுவோம். ஊருக்கு வந்தபின் அதுவும் இல்லை. உங்கள் மன்றத்தில் எங்களுக்கு எத்தனை மணிக்கு இடம்? கேன்டீன் கோட்டா ரம் அங்கேதான் காலியாகும் என்று பந்தயமே கட்டுவேன்.

அரூர்க்காரன்:
தங்கச்சி சரியான இடத்தில் கை வைத்துவிட்டது.

மத்தூர்_ஹவில்தார்:
குடிக்க அனுமதி இல்லை என்று எழுதியே போடுகிறோம்மா.

ஊத்தங்கரை_மருமகள்:
எழுதிப் போட்ட போர்டு எத்தனை பார்த்திருக்கிறோம் அண்ணா.

பாரூர்_தம்பி:
நடுவில் ஒரு சந்தேகம். நான் அக்னிவீர், நாலு வருஷத்துக்கு மட்டும் படையில் எடுக்கப்பட்டவன். 4 வருஷம் முடிந்து வந்தால் சேவா நிதி என்று 11.71 லட்சம் கையில் வரும், சரி. பென்ஷன் கிடையாது, முன்னாள் படைவீரர்களுக்கான இசிஹெச்எஸ் மருத்துவக் கார்டு கிடையாது, முன்னாள் படைவீரர் என்ற பெயரும் கிடையாது. மன்றத்தில் எனக்குச் சேர்க்கை உண்டா?

மத்தூர்_ஹவில்தார்:
விதி எழுதும்போது அதை யோசிக்கவில்லை தம்பி. கமிட்டியில் பேச வேண்டும்.

அரூர்க்காரன்:
பாருங்கள், கட்டுவதற்கு முன்பே கதவைச் சாத்தியாகிவிட்டது!

மத்தூர்_ஹவில்தார்:
சார், நீங்கள் கேலி பண்ணுங்கள், பரவாயில்லை. லேப்டாப்பும் ஒரு மூலையில் வைக்கலாம். அதற்கும் ஒரு கூரை வேண்டும் இல்லையா? தம்பி, நீ வா, நான் பேசுகிறேன். ரெண்டு பேரிடம் கார் இருக்கிறது, ஆஸ்பத்திரிக்கு முறை போட்டு ஓட்டுவார்களா என்று கேட்கிறேன். மருமகளம்மா, ஞாயிறு இரவு 7 மணிக்குக் கூட்டம். நீங்களும் வந்து சொல்லுங்கள்.

ஊத்தங்கரை_மருமகள்:
7 மணிக்கு வந்தால் திரும்ப எனக்குப் பஸ் இல்லை அண்ணா. காலை 10 மணிக்கு வையுங்கள், மாமியாரையும் கூட்டிக்கொண்டு வருகிறேன்.