முந்நூறு வருஷமாக வரும் அறிஞர் சங்க இதழ்: நம்பும்படி எழுதுவது எப்படி?

கேள்வி:
என் மாயாஜாலக் கதையில் ஒரு அறிஞர் சங்கம். கடல் நாகங்கள், பேசும் கற்கள் என ஆராய்ந்து முந்நூறு வருஷமாக இதழ் போடுகிறார்கள். அத்தியாயங்களுக்கு நடுவே அதிலிருந்து துணுக்குகள் வைக்கிறேன். முதல் இதழும் கடைசி இதழும் ஒரே ஆள் எழுதின மாதிரி இருக்கு. என்ன பண்ணலாம்?

பதில் 1:
ஆசிரியர்களை மாத்துங்க. ஒருத்தருக்கு நாகம்னாலே ஆகாதுன்னு வைங்க, அவர் காலத்துல நாகக் கட்டுரையே வராது.

பதில் 2:
நிஜ வரலாற்றைப் பாருங்க, கற்பனையே தோற்கும். லண்டன் ராயல் சொசைட்டி என்கிற அறிவியல் சங்கத்தின் ‘ஃபிலசாஃபிக்கல் டிரான்சாக்‌ஷன்ஸ்’ இதழ் 1665 மார்ச்சில் தொடங்கியது. ஆரம்பித்தவர் சங்கச் செயலாளர் ஹென்றி ஓல்டன்பர்க், அதுவும் சொந்தச் செலவில். 1667-ல் அவரையே லண்டன் கோபுரத்தில் அடைத்தார்கள். சங்கம் இதழை முறையாகத் தன் பொறுப்பில் எடுத்தது 1752-ல்தான்! முதல் இதழில் வியாழன் கோளின் புள்ளியும் உண்டு, விகாரமாகப் பிறந்த கன்றுக்குட்டியும் உண்டு. அந்தக் கதம்பம்தான் உங்களுக்கு வேணும். பழைய துணுக்குகளைக் கடிதமாக எழுதுங்க: “மாலுமி ஒருவர் சொன்னார்” என்கிற தொனி. (நுண்ணோக்கி ஆய்வாளர் லீவன்ஹூக் டச்சில் எழுதிய கடிதங்களை மொழிபெயர்த்துத்தான் போட்டார்கள்.) பிந்தைய இதழ்களில் குழு கூடி, வாக்கெடுத்து, பாதியைத் தள்ளட்டும்.

கேள்வி கேட்டவர்:
ஆசிரியர் சிறையில்! அந்த மாதங்களில் இதழை யார் போட்டார்கள் என்பதே எனக்குத் தனி அத்தியாயம். பேசும் கல்லையே பொறுப்பாசிரியராகப் போடப்போறேன்.