மணல் தீடையில் ஒரு நகர அரசு: மந்திரமும் எந்திரமும் ஒன்றையொன்று விழுங்காமல் அமைப்பது எப்படி?

தீடைவாசி:
தொடர்கதை ஒன்றுக்காக ஒரு நகர அரசை அமைத்துக்கொண்டிருக்கிறேன். பெயர் ஏழாந்தீடை. தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் நடுவில் மணல் தீடைகளின் (கடலுக்கு மேல் எழும்பி நிற்கும் மணல் திட்டுகள்) மேல் இருக்கிறது. அரசன் கிடையாது, சம்மாட்டிகள் (படகு, வலை வைத்திருக்கும் முதலாளிகள்) அவைதான் ஆள்கிறது. மக்கள் 12,000 பேர். கால்வாயைக் கடக்கும் கப்பல்கள் கட்டும் தீர்வைதான் வருமானம். கால்வாய்க்கு மேலே இரண்டு இதழாகத் திறக்கும் தூக்குப்பாலம். மந்திரம் சங்கில் இருக்கிறது: ஒரு சங்கை ஊதினால் அதே சுருதிக்குச் செதுக்கிய பொருள் எங்கிருந்தாலும் அசையும்.

சங்கு ஊதியே பாலத்தைத் தூக்கலாம், தண்ணீரும் இறைக்கலாம் என்றால் பற்சக்கரத்துக்கு வேலையே இல்லை. மந்திரத்தை எந்த இடத்தில் நிறுத்துவது? இந்தக் கரையின் காற்றும் மணலும் உப்பும் தெரிந்தவர்கள் கணக்கோடு சொன்னால் நல்லது.

கச்சான்:
மந்திரத்தைத் தூக்கும் வேலைக்கே விடாதீர்கள் தம்பி. பாலம் தூக்கப் பெரிய விசை வேண்டும் என்பதே தப்புக் கணக்கு. 1914-இல் திறந்த பழைய பாம்பன் பாலத்தின் தூக்கு இதழ்களை ஆட்கள் கையால் சுற்றித்தான் திறந்தார்கள். பின்பக்க எதிர் எடை இதழைச் சமன் செய்துவிடும். மிஞ்சுவது உராய்வும் காற்றும்தான்.

அந்தக் காற்றுதான் உங்கள் கதைக்கு வேண்டிய எதிரி. இதழ் 20 மீட்டர் நீளம், 5 மீட்டர் அகலம் என்று வையுங்கள். நிமிர்ந்து நிற்கும்போது 100 சதுர மீட்டர் பாய் மாதிரி. நொடிக்கு 15 மீட்டர் வேகக் காற்றில் சுமார் ஒன்றரை டன் தள்ளும். 25 மீட்டர் வேகத்தில் நாலரை டன்னைத் தொடும், ஏனென்றால் வேகத்தின் வர்க்கமாக அழுத்தம் ஏறும். அந்தப் பழைய பாம்பன் பாலத்தில் காற்று மணிக்கு 58 கி.மீ. தாண்டினால் ரயிலுக்குச் சிக்னல் சிவப்பு என்பதுதான் சட்டமாக இருந்தது. உங்கள் நகரத்துக்கும் அப்படியொரு சட்டம் வையுங்கள். அதை மீறித் திறக்கச் சொல்லும் சம்மாட்டி ஒருவர் போதும், கதை நகரும்.

சங்குக்கு ஒரே ஒரு வேலை கொடுங்கள்: பூட்டு. இதழின் நுனியில் இருக்கும் தாழ் சுருதி கேட்டால் மட்டும் விலகும், மீதியைப் பற்சக்கரமும் ஆள்பலமும் பார்க்கும். எதிர் எடைப் பெட்டியில் கல் கூட்டவும் குறைக்கவும் காலி அறைகள் விடுங்கள். மரத்தளம் 20 டன் என்றால் ஐப்பசி, கார்த்திகை மழையில் ஊறி இரண்டு டன் கூடிவிடும். அந்தச் சமயம் கல் சேர்க்காமல் தாழைத் திறந்தால் இதழ் எழும்பாது. வெயில் வந்து காய்ந்தபின் சேர்த்த கல்லை எடுக்க மறந்தால் கிளம்பிய இதழை நிறுத்த முடியாது, பல் உடையும்.

உவர்க்கிணறு:
பாலத்தைவிடத் தண்ணீர்தான் இந்த நகரத்தின் உயிர், அதை நன்றாக யோசியுங்கள். மணலுக்கு அடியில் மழைநீர் உப்புத்தண்ணீரின் மேல் மிதந்து நிற்கும். தனுஷ்கோடியில் கையால் மணலைத் தோண்டினால் ஊற்றில் நல்ல தண்ணீர் வருவது இதனால்தான். கடல்நீர் நன்னீரைவிட 40-இல் ஒரு பங்கு கூடுதல் கனம். ஆகவே கடல் மட்டத்துக்கு மேல் நன்னீர் ஓர் அடி நின்றால் கீழே 40 அடி இருக்கும். திருப்பிப் பாருங்கள்: மட்டம் ஓர் அடி இறங்கினால் உப்பு 40 அடி மேலேறப் பார்க்கும். ஒரே கிணற்றில் மந்திரத்தால் வேகமாக உறிஞ்சினால் அடியிலிருந்து உப்பு கூம்பு மாதிரி எழும்பி அந்தக் கிணறே கெட்டுவிடும். ஆழமில்லாத கிணறுகள் நிறைய வேண்டும், ஒவ்வொன்றிலும் கொஞ்சமாக எடுக்க வேண்டும்.

ஆளுக்கு நாளைக்கு 20 லிட்டர், ஆக 2,40,000 லிட்டர். ஆண்டுக்கு 87,600 கன மீட்டர். மழை 800 மி.மீ., அதில் 30 விழுக்காடு ஊறும் என்று கொண்டால் 90 ஏக்கர் மணல் வேண்டும். ஊறியது முழுவதையும் எடுக்கக் கூடாது, பாதிதான் என்றால் 180 ஏக்கர். அங்கே வீடும் கூடாது, கழிப்பிடமும் கூடாது. அவையில் நடக்கும் பெரிய சண்டையே இந்த நிலத்துக்காகத்தான் இருக்க வேண்டும். ஒரு நாளுக்கான தண்ணீர் முழுவதையும் 3 மீட்டர் ஏற்ற ஆகும் ஆற்றல் நம் மின் கணக்கில் இரண்டே யூனிட், பாதி வீணானாலும் நாலு. காற்றாடி போதும். உப்பு எதுவரை ஏறியிருக்கிறது என்று சங்கை ஊதிக் கேட்டு அறிய மட்டும் மந்திரத்தை வையுங்கள்.

வாடைக்காற்று:
கச்சான் அண்ணன் சொன்ன பூட்டில் ஒரு விஷயம் சேர்க்க வேண்டும். சங்குக்குள் நிற்கும் காற்று சூடானால் சுருதி ஏறும். 24 டிகிரியில் நொடிக்கு 300 அதிர்வு தரும் சங்கு 30 டிகிரியில் ஏறக்குறைய 303 தரும். கல்லில் செதுக்கிய தாழ் அப்படி மாறாது. மதியம் ஒத்துப்போகும் பூட்டு மார்கழி விடியலில் நொடிக்கு 3 விம்மலோடு (நெருங்கிய இரண்டு சுருதிகள் சேரும்போது ஒலி கூடிக் குறைவது) தடுமாறும், பாதி விலகி நிற்கும். பாதி விலகிய தாழ்தான் பெரிய ஆபத்து. அதனால் காவலர் ஊதுவதற்கு முன் சங்கை உள்ளங்கையில் வைத்துச் சூடேற்ற வேண்டும், அல்லது பருவத்துக்கு ஒரு சங்கு வைத்துக்கொள்ள வேண்டும்.

ஆண்கடல் (மன்னார் வளைகுடா), பெண்கடல் (பாக் நீரிணை) கணக்கையும் மறக்காதீர்கள். கச்சான் (தென்மேற்குக் காற்று) மாதங்களில் மன்னார் வளைகுடாப் பக்கம் கொந்தளிக்கும், வாடை (வடகிழக்குக் காற்று) மாதங்களில் பாக் நீரிணைப் பக்கம். துறைமுகம் இரண்டு வேண்டும், பருவத்துக்கு ஒன்று. காவற்படையும் சுங்கமும் ஆண்டுக்கு இருமுறை இடம் பெயரும்.

தீடைவாசி:
தண்ணீர் நிலத்தை அவையின் சண்டையாக எடுத்துக்கொள்கிறேன். தாழைக் கல்லில் செய்யாமல் வெண்கலத்தில் வார்த்து இரும்புச் சட்டத்தில் பொருத்தலாமா?

கச்சான்:
கூடாது. உப்புக் காற்றின் ஈரத்தில் வெண்கலமும் இரும்பும் தொட்டுக்கொண்டால் இரும்புதான் அரிக்கும். வெண்கலம் பெரிதாகவும் இரும்பு ஆணி சிறிதாகவும் இருந்தால் இன்னும் வேகமாக அரிக்கும். தாழ் பளபளவென்று நிற்கும், அதைப் பிடித்திருக்கும் ஆணி உள்ளுக்குள்ளேயே கரைந்திருக்கும். வெண்கலத் தாழுக்கு வெண்கல ஆணியே போடுங்கள். இரும்போடு சேர்த்தே ஆக வேண்டுமென்றால் நடுவில் வைரம் பாய்ந்த பனஞ்சட்டம் கொடுத்து, புன்னை எண்ணெயில் குங்கிலியம் காய்ச்சி இடுக்கெல்லாம் பூசுங்கள். பனஞ்சட்டம் விரிசல் விட்டால் ஈரம் குறுக்கே பாலம் போட்டுவிடும், அன்றே மாற்ற வேண்டும்.